திருப்பூர்: லைனில் பாதி ஆள், வாரத்தில் பாதி நாள்

ஓவர்லாக்காரன் · 24 செப்டம்பர் 2025, இரவு 10.40

வணக்கம். பனியன் கம்பெனியில் 27 வருடமாக ஓவர்லாக் (துணி ஓரத்தைச் சேர்த்துத் தைக்கிற மிஷின்) ஓட்டுகிறேன். வயது 46. இங்கே படிக்க மட்டும்தான் வருவேன், இன்றைக்கு எழுத வேண்டும் போல இருந்தது.

ஆகஸ்ட் 27-ஆம் தேதி அமெரிக்கா இந்தியச் சரக்குக்கான கூடுதல் வரியை 50 சதவீதம் ஆக்கியது. செப்டம்பர் முதல் வாரம் எங்கள் கம்பெனியில் கட்டிங் டேபிள் காலி. கட்டிங் காலியானால் பத்து நாளில் தையலும் காலி, இந்தத் தொழிலில் இருக்கிற யாருக்கும் இதைச் சொல்லித் தர வேண்டாம். இப்போது வாரத்தில் மூன்று நாள்தான் வேலை. ஒன்றரை ஷிப்ட் போய் ஒரு ஷிப்ட். சனிக்கிழமை 6,000 ரூபாய் எண்ணி வாங்கியவன் போன வாரம் வாங்கியது 2,350.

நான் சொல்ல வந்தது அது இல்லை. எங்கள் லைனில் 38 பேர். 22 பேர் ஒடிசா, பீகார். கம்பெனி ஹாஸ்டலில் தங்கியிருப்பவர்கள். மீதி 16 பேர் நாங்கள். வேலை குறைந்ததும் சூப்பர்வைசர் எங்கள் 16 பேரிடம் மட்டும், "நாளைக்கு வர வேண்டாம், போன் பண்றோம்" என்றார். ஹாஸ்டல் ஆட்களுக்கு ஆறு நாளும் வேலை. ஏனுங்க இப்படி என்று கேட்டேன். "வேலை இல்லைன்னா அவனுங்க ரயில் ஏறிடுவானுங்க, திரும்பக் கூட்டிட்டு வர முடியாது. நீங்க எங்க போயிடப் போறீங்க?" என்றார்.

அந்தக் கடைசி வார்த்தை மூன்று நாளாகக் காதிலேயே நிற்கிறது. எங்கேயும் போகாமல் ஒரே ஊரில் இருந்ததற்கு இதுதான் கூலியா? யார் மேல் கோபப்படுவது என்றுகூடத் தெரியவில்லை. தொழில் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கொங்கு77 · 24 செப்டம்பர், இரவு 11.15

இதில் தெரியாமல் போக என்ன இருக்கிறது அண்ணா? ஒரு காலத்தில் டெய்லர் கிடைக்காமல் முதலாளிகள் அட்வான்ஸ் பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு நம் வீட்டு வாசலில் நின்றார்கள். கூலி பிடிக்கவில்லை என்றால் திங்கட்கிழமை பக்கத்துக் கம்பெனிக்குப் போய்விடலாம். என் அப்பா ஒரே வருடத்தில் நாலு கம்பெனி மாறியிருக்கிறார், ஒவ்வொரு தடவையும் கூலி ஏறியது.

இப்போது கூலி பேசினால், "இஷ்டம் இருந்தா இரு, இல்லைன்னா ரெண்டு நாள்ல தன்பாத்ல இருந்து இருபது பேர் இறங்குவாங்க" என்கிறான். ஆள் வரத்து கூடினால் கூலி ஏறாது. தக்காளிக்கு ஒரு நியாயம், டெய்லருக்கு ஒரு நியாயமா? இதைச் சொன்னால் உடனே இனவெறி என்பார்கள்.

தேனிக்காரி · 25 செப்டம்பர், காலை 6.20

கொங்கு77 தம்பி, தப்பாக எடுத்துக்கொள்ளக் கூடாது. நான் 1996-இல் தேனிப் பக்கத்திலிருந்து வந்தவள். பழைய பஸ் ஸ்டாண்டில் இறங்கும்போது கையில் ஒரு மஞ்சப்பையும் பெரியப்பா மகள் எழுதிக் கொடுத்த முகவரியும்தான்.

ராயபுரத்தில் ஒரு லைன் வீடு. பத்துக்குப் பன்னிரண்டு அறையில் ஆறு பெண்கள். பதினொரு குடித்தனத்துக்கு ஒரு கக்கூஸ். அதன் சாவி வீட்டுக்கார அம்மா இடுப்பில் இருக்கும். ராத்திரி ஒன்பதரைக்குக் கம்பெனி விட்டு வந்து அந்தச் சாவிக்காக வாசலில் நின்றிருக்கிறேன். வீடு தேடும்போது எத்தனை பேர் கேட்டார்கள் தெரியுமா, "தெக்கத்தி ஆளுங்களா? உங்களுக்குத் தர்றதில்லைங்க" என்று. மதுரை, திண்டுக்கல், சிவகங்கை, தஞ்சாவூர் என்று வண்டி வண்டியாக நாங்கள் வந்து இறங்கியதால்தான் கூலி இறங்கிவிட்டது என்று டீக்கடையில் என் காதுபடப் பேசியிருக்கிறார்கள். தக்காளிக் கணக்கு அப்போதே இருந்தது. அப்போது தக்காளி நாங்கள்.

என் மகள் இந்த ஊரில் பிறந்து வளர்ந்தவள். சிங்கர் மிஷின் பக்கமே வர மாட்டேன் என்கிறாள். நர்ஸிங் படிக்கிறாள். நான் விட்ட இடத்தில் இன்று உட்கார்ந்திருப்பது ஒரு ஜார்க்கண்ட் பெண். அவள் என்னிடமிருந்து எதையும் பிடுங்கவில்லை. என் மகள் வேண்டாம் என்றதைத்தான் எடுத்துக்கொண்டாள்.

கொங்கு77 · 25 செப்டம்பர், காலை 8.05

உங்கள் மகள் வேண்டாம் என்றது சரி. ஆனால் ஓவர்லாக்காரன் அண்ணா வேண்டாம் என்று சொல்லவில்லையே அக்கா.

தேனிக்காரி · 25 செப்டம்பர், காலை 8.30

அது உண்மைதான். அதற்கு என்னிடம் பதில் இல்லை.

நூல்கணக்கு · 25 செப்டம்பர், பிற்பகல் 2.10

ஏற்றுமதி அலுவலகத்தில் மெர்ச்சண்டைசர் வேலை பார்க்கிறேன். விலை பேசுவதுதான் தினமும் என் பிழைப்பு. கணக்கைப் போட்டுக் காட்டுகிறேன், பிறகு சண்டை போடுங்கள்.

ஒரு சாதாரண பருத்தி டி-சர்ட்டை 3 டாலருக்கு விற்கிறோம் என்று வையுங்கள். அமெரிக்கச் சுங்கத்தில் அதற்கு முன்பிருந்தே 16.5 சதவீதம் வரி, ஏறக்குறைய 50 சென்ட். அதன் மேல் 50 சதவீதம் என்றால் இன்னும் ஒன்றரை டாலர். 3 டாலர் சட்டை அங்கே கரை இறங்கும்போது 5 டாலர். வங்கதேசம், வியட்நாம், இலங்கைக்குக் கூடுதல் வரி 20 சதவீதம், பாகிஸ்தானுக்கு 19. அதே சட்டை டாக்காவிலிருந்து போனால் 4 டாலர் 10 சென்ட். 90 சென்ட் வித்தியாசம். பத்து சென்ட்டுக்கு ஆர்டர் கைமாறுகிற தொழில் இது.

அங்கே சட்டையை வாங்குகிற பையர் என்ன செய்கிறான்? "பாதி வரியை நீ ஏற்றுக்கொள், இல்லையென்றால் அடுத்த கோடைக்கான ஆர்டர் வேறு நாட்டுக்கு" என்று ஒரு மெயில். கோடைச் சரக்குக்கு இப்போதுதான் பேசி முடிப்போம், அதனால் கத்தி சரியாகக் கழுத்தில் இருக்கிறது. நல்ல வருடத்திலேயே எங்கள் லாபம் ஒற்றை இலக்கம். நூல் விலை மில்காரர் கையில். சாயக் கூலியில் குறைக்க முடியாது, சாயக்கழிவு நீரைச் சுத்திகரிக்கிற செலவு அப்படி. மின்கட்டணம் அரசாங்கம் கையில். துணி, நூல், சாயம், கரண்ட் என்று எல்லாவற்றையும் கழித்துப் பார்த்தால் கை வைக்க மிஞ்சுவது தையல் கூலி ஒன்றுதான். சூப்பர்வைசர் உங்களிடம் "போன் பண்றோம்" என்று சொல்வதற்கு ஒரு வாரம் முன்பே அந்த முடிவு ஒரு எக்செல் ஷீட்டில் எடுக்கப்பட்டுவிட்டது. அந்த ஷீட்டில் ஒடிசா, தேனி என்றெல்லாம் கட்டம் கிடையாது.

இது டிரம்ப்போடு ஆரம்பித்த கதையும் இல்லை. 2004 வரை எந்த நாடு எவ்வளவு ஆடை அனுப்பலாம் என்று கோட்டா இருந்தது. 2005 ஜனவரி 1-ஆம் தேதி அது போனது. அன்றிலிருந்து உலகத்தில் மலிவாகத் தைக்கிற எல்லோரும் ஒரே சந்தையில். ஐரோப்பாவுக்கு வங்கதேசச் சட்டை வரியே இல்லாமல் போகிறது. நாம் 9 சதவீதத்துக்கு மேல் கட்டுகிறோம். பிரிட்டனோடு ஜூலை 24-ஆம் தேதி ஒப்பந்தம் கையெழுத்தாகிவிட்டது, ஆனால் இன்னும் நடைமுறைக்கு வரவில்லை. இங்கே நாம் பீகார் பையனைப் பார்த்துப் பொருமுகிறோம். டாக்காவில் ஒரு பெண் நம் ஊர் டெய்லரைவிடக் குறைந்த கூலிக்குத் தைக்கிறாள். அவள் ரயில் ஏறித் திருப்பூர் வரத் தேவையே இல்லை, அவள் தைத்த சட்டை போகிறது, அவ்வளவுதான்.

பிசிறு · 25 செப்டம்பர், மாலை 3.02

ஆக, கலிபோர்னியாவில் ஒருவன் 5 டாலருக்குச் சட்டை வாங்கக் கூடாது என்று ஓவர்லாக்காரன் அண்ணன் வீட்டில் ரசம் சோறு. நல்லாயிருக்கு உலகமயம்.

செங்கொடி84 · 25 செப்டம்பர், இரவு 9.45

என் பெயரில் இருக்கிற 84 ஏன் என்று பழைய ஆட்களுக்குத் தெரியும். 1984-இல் பஞ்சப்படி கேட்டு இந்த ஊரில் 127 நாள் வேலைநிறுத்தம் நடந்தது. எனக்கு அப்போது 19 வயது, கைமடிக்கிற வேலை. பஞ்சப்படி கிடைத்தது. ஆனால் முதலாளிகள் அதிலிருந்து ஒரு பாடமும் கற்றுக்கொண்டார்கள்: ஒரே கூரைக்குக் கீழே 300 பேரை வைத்தால் ஆபத்து. அப்புறம்தான் கம்பெனிகள் துண்டு துண்டாயின. நிட்டிங் ஒரு பெயரில், கட்டிங் ஒரு பெயரில், தையல் முழுக்க, மிஷின் வைத்துக் கூலிக்குத் தைத்துக் கொடுக்கிற பவர் டேபிள்காரருக்கு. வடக்கத்தி ஆட்கள் இந்த ஊருக்குக் கூட்டமாக வருவதற்கு ரொம்ப முன்னாலேயே நம் வேலை நிரந்தரம் போய்விட்டது. கொங்கு77 இதைக் கவனிக்க வேண்டும்.

துண்டாக்கியதில் என்ன லாபம் என்று சட்டத்தைப் பார்த்தால் புரியும். தொழில் தகராறு சட்டம் 25-சி பிரிவு, வேலை இல்லாமல் உட்கார வைத்தால் அடிப்படைச் சம்பளத்திலும் பஞ்சப்படியிலும் பாதியைக் கொடுக்கச் சொல்கிறது. ஓவர்லாக்காரன் தோழர் இன்று வீட்டில் உட்கார்ந்திருக்கிற மூன்று நாளுக்குப் பாதிச் சம்பளம். ஆனால் 50 பேருக்குக் குறைவான தொழிற்சாலைக்கு அது பொருந்தாது. மஸ்டர் ரோலில் (கம்பெனியின் ஆள் பதிவேட்டில்) பெயர் இருக்க வேண்டும், ஒரு வருடம் தொடர்ந்து வேலை செய்திருக்க வேண்டும். தோழர், உங்கள் பெயர் எந்தக் கம்பெனியின் மஸ்டர் ரோலில் இருக்கிறது? 27 வருடத்தில் எத்தனை முறை பி.எஃப். எண் மாறியது? மெஷினும் மாறவில்லை, கட்டடமும் மாறவில்லை, கேட்டில் இருக்கிற பெயர்ப்பலகை மட்டும் மாறியிருக்கும்.

ஹாஸ்டல் ஆட்களுக்கும் சட்டம் இருக்கிறது. 1979-ஆம் ஆண்டின் மாநிலங்களுக்கிடையே புலம்பெயரும் தொழிலாளர் சட்டம். ஒடிசாவில் 'தாதன்' என்று முன்பணம் கொடுத்து ஆள் பிடித்துப் போன கொடுமையிலிருந்து பிறந்த சட்டம் அது. ஐந்து பேரோ அதற்கு மேலோ வெளிமாநிலத்து ஆட்கள் இருந்தால் பதிவு செய்ய வேண்டும். மாதச் சம்பளத்தில் பாதி இடப்பெயர்வுப் படி, வந்து போகும் பயணப்படி, தங்குமிடம், மருத்துவம் எல்லாம் எழுதியிருக்கிறது. ஆனால் காண்டிராக்டர் மூலம் வந்தவர்களுக்குத்தான். அதிகாரி வந்து கேட்டால், "அவங்களா வேலை தேடி வந்தாங்க சார்" என்று ஒரு வரி. முடிந்தது.

ஹாஸ்டல் பையனுக்கு ஆறு நாள் வேலை கொடுப்பது அவன் மேல் பாசத்தினால் இல்லை. அவனை ரயில் டிக்கெட் போட்டு, காண்டிராக்டருக்குக் கமிஷன் கொடுத்துக் கொண்டு வந்திருக்கிறார்கள். போட்ட பணத்தை எடுக்கிறார்கள். உங்கள் மேல் பணம் போடவில்லை. அதனால் உங்களைக் காத்திருக்க வைப்பதில் அவர்களுக்கு நஷ்டமும் இல்லை.

டேபிள்_ஓனர் · 26 செப்டம்பர், காலை 7.50

முதலாளி முதலாளி என்கிறீர்களே, நானும் ஒருவன். பெருமாநல்லூர் ரோட்டில் 24 மிஷின். ஜாப் ஒர்க், அதாவது எக்ஸ்போர்ட்டர் சரக்கைக் கூலிக்குத் தைத்துக் கொடுப்பது மட்டும்தான். 15 வருடம் சிங்கர் ஓட்டி, மனைவி நகையை வைத்து ஆரம்பித்தது. இன்னும் அது முழுதாக மீட்கப்படவில்லை.

நான் தைத்துக் கொடுத்த சரக்குக்கு எக்ஸ்போர்ட்டர் பணம் கொடுக்க மூன்று மாதம், நான்கு மாதம். சிறு நிறுவனங்களுக்கு 45 நாளில் பணம் கொடுக்க வேண்டும் என்று வருமான வரிச் சட்டத்தில் போன வருடம் கொண்டு வந்தார்கள். கேட்டுப் பாருங்கள், அடுத்த ஆர்டர் வராது. நானோ ஒவ்வொரு சனிக்கிழமையும் சம்பளம் போட்டாக வேண்டும். எனக்கு என்ன பணி நிரந்தரம் இருக்கிறது தோழரே?

உள்ளூர் ஆள் வேண்டாம் என்று யார் சொன்னது? என்னிடம் வந்து வேலை கேட்கிற உள்ளூர்ப் பையன் கடைசியாக யார் என்று யோசித்துப் பார்த்தால் ஞாபகம் வரவில்லை. பைக் இருக்கிறது, சாப்பாடு டெலிவரிக்குப் போகிறான். வெயிலில் அலைந்தாலும் மேலே ஒரு சூப்பர்வைசர் கத்த மாட்டான் என்கிறான். இருக்கிற ஆட்களுக்கு ஆடி நோம்பி, காதுகுத்து, பிள்ளைக்குக் காய்ச்சல். தப்பு சொல்லவில்லை, வீடு வாசல் உள்ளவர்கள் அப்படித்தான் இருப்பார்கள். ஹாஸ்டல் ஆளுக்கு இங்கே வீடும் இல்லை வாசலும் இல்லை. ராத்திரி பத்து மணிக்கு ஷிப்மெண்ட் என்றால் மிஷினில் இருப்பான். கொடுமையான உண்மை, ஆனால் உண்மை.

அதே ஹாஸ்டல் ஆளை நம்பி உட்கார்ந்தால் என்ன ஆகும் என்பதையும் கேளுங்கள். 2023 மார்ச். தமிழ்நாட்டில் பீகார் ஆட்களை அடித்துக் கொல்கிறார்கள் என்று பொய் வீடியோக்கள் பரவின. பீகார் அரசு அதிகாரிகள் குழுவே வந்து பார்த்துவிட்டுப் போனது. என்னிடம் இருந்த 18 பேரில் 11 பேர் ஒரே வாரத்தில் கிளம்பினார்கள். ஹோலிக்குப் போகிறோம் என்றார்கள். நான் ஸ்டேஷன் வரை பின்னாலேயே போனேன். பிளாட்பாரத்தில் நிற்க இடமில்லை. எனக்கு இந்தி தெரியாது, அவர்களுக்கு அரைகுறைத் தமிழ். "டர் (பயம்) இல்லை, டர் இல்லை" என்று நான் கையை ஆட்டிச் சொல்லிக்கொண்டே இருக்கிறேன். அவர்களில் மூத்தவன் போனை என் முகத்துக்கு நேராக நீட்டி அவன் அம்மாவிடம் பேசச் சொன்னான். அந்த அம்மா அழுதார்கள். அதற்கு மேல் நான் என்ன சொல்வது? டிக்கெட்டுக்கு ஆளுக்கு 500 ரூபாய் கொடுத்துவிட்டு வந்தேன். நான்கு பேர் மே மாதம் திரும்பி வந்தார்கள். அந்த ஷிப்மெண்ட் போச்சு.

பிசிறு · 26 செப்டம்பர், காலை 8.12

500 கொடுத்தவர் நீங்கள் ஒருவராகத்தான் இருப்பீர்கள்.

தம்மாம்_ரிட்டர்ன் · 26 செப்டம்பர், இரவு 11.30

ஊர் ராமநாதபுரம் பக்கம். 2006 முதல் 2013 வரை சவூதியில், தம்மாமில் எலக்ட்ரிகல் வேலை. நான் அங்கே 'ஹாஸ்டல் பையன்'. கேம்பில் எட்டு பேருக்கு ஓர் அறை, பாஸ்போர்ட் முதலாளியின் பீரோவில்.

2011-இல் நிதாகத் என்று ஒன்று கொண்டு வந்தார்கள். சவூதிக்காரர்களை எத்தனை சதவீதம் வேலைக்கு வைத்திருக்கிறாய் என்று பார்த்து, கம்பெனிக்குச் சிவப்பு, மஞ்சள், பச்சை என்று நிறம். சிவப்புக் கம்பெனியில் இருந்தால் உன் இகாமா (அங்கே தங்குவதற்கான அனுமதி) புதுப்பிக்கப்படாது. எங்கள் கம்பெனி சிவப்பு. 2013-இல் பொதுமன்னிப்புக் காலம் விட்டபோது வரிசையில் நின்று ஊர் வந்து சேர்ந்தேன். கொங்கு77 கேட்பது மாதிரியான சட்டம்தான் அது, மண்ணின் மைந்தருக்கு வேலை. அந்த நாட்டு அரசாங்கம் நினைத்தால் செய்ய முடிகிறது.

ஆனால் ஏழு வருடத்தில் நான் பார்த்த ஒன்றைச் சொல்கிறேன். சவூதிக்காரனை விட்டுவிட்டு என்னை ஏன் வைத்தார்கள்? கூலி மலிவு மட்டும் காரணம் இல்லை. என்னால் முதலாளியை விட்டுப் போக முடியாது. விசா அவன் பெயரில். பக்கத்துக் கம்பெனியில் 300 ரியால் அதிகம் தருகிறேன் என்றாலும் போக முடியாது. கட்டிப் போட்ட மாடு விலை பேசாது. கொங்கு77 அப்பா நான்கு கம்பெனி மாறினார் என்றாரே, அதுதான் விஷயம். ஹாஸ்டல் பையனும் கேட்டைத் தாண்டி நாலு கம்பெனி மாற முடிந்தால் அவன் கூலியும் ஏறும், உங்கள் கூலிக்கும் அடி விழாது. வந்தவன் எத்தனை பேர் என்று எண்ணுகிறோம். ஞாயிற்றுக்கிழமை கேட் பூட்டியிருக்கிறதா திறந்திருக்கிறதா என்று யாராவது போய்ப் பார்த்தோமா?

கொங்கு77 · 27 செப்டம்பர், காலை 9.00

இந்த ஒன்றை யோசிக்க வேண்டும். எங்கள் ஏரியா ஹாஸ்டல் கேட் ஞாயிறு மாலை நான்கிலிருந்து எட்டு வரை மட்டும்தான் திறக்கிறது. நானே பார்த்திருக்கிறேன், இப்படி நினைத்ததில்லை.

இருந்தாலும் வரத்தே வேண்டாம் என்கிற என் கட்சியை நான் விடவில்லை.

வாணி_கிளிநொச்சி · 27 செப்டம்பர், இரவு 8.40

நான் கிளிநொச்சியிலிருந்து எழுதுகிறேன். ஆறு வருடம் ஆடைத் தொழிற்சாலையில் வேலை. நூல்கணக்கு அண்ணை சொன்ன அந்த 20 வீதத்தில் நாங்களும் இருக்கிறோம். ஏப்ரலில் எங்களுக்கு 44 வீதம் என்று அறிவித்தபோது, தொழிற்சாலை பஸ்ஸில் ஒருவரும் கதைக்கவில்லை. விடிய ஐந்து மணி பஸ், வழக்கமாகச் சந்தை மாதிரி இருக்கும். பிறகு 20 ஆகக் குறைந்தது. இப்போது மேலாளர்கள், "இந்தியாவுக்கு 50, எங்களுக்குக் கூடுதல் ஓடர் வரும்" என்று சந்தோசமாகச் சொல்லுகினம். உங்கள் இழையை வாசித்த பிறகு அதைக் கேட்க ஒரு மாதிரி இருக்கிறது.

ஆனால் எங்களுக்கும் நிச்சயம் ஒன்றும் இல்லை. 2010-இல் ஐரோப்பா ஜி.எஸ்.பி. பிளஸ் என்ற வரிச் சலுகையை நிறுத்தியது, 2017-இல் திருப்பித் தந்தது. இந்த மே மாதம் கட்டுநாயக்கவில் ஒரு பெரிய வெளிநாட்டு நிறுவனம் தன் தொழிற்சாலையை மூடியது, ஆயிரத்துக்கு மேற்பட்டவர்களுக்கு வேலை போனது. எங்களுக்கு ஈ.பி.எஃப்., ஈ.டி.எஃப். என்ற ஊழியர் சேமிப்பு நிதிகள் ஒழுங்காகக் கட்டப்படுகின்றன, அதில் உங்களைவிடப் பரவாயில்லை. ஆனால் 2022 நெருக்கடியில் அந்தக் காசின் பெறுமதியே கரைந்து போனது.

என் சித்தி மகள் ஜோர்தானில் தைக்கிறாள். அமெரிக்காவோடு செய்த ஒப்பந்தத்தால் அங்கே முளைத்த தொழிற்சாலைகள். தைக்கிறவர்களில் பெரும்பாலானோர் வங்கதேசம், இலங்கை, இந்தியா, நேபாளப் பெண்கள். அவளின் லைனில் தமிழ், சிங்களம், வங்காளம், இந்தி எல்லாம் கேட்கும். ஓவர்லாக்காரன் அண்ணை, உங்கள் லைனும் அவளின் லைனும் ஒன்றுபோலத்தான் இருக்கும் என்று நினைக்கிறேன். அவள் அங்கே வெளியாள், நீங்கள் உள்ளூர் ஆள், அது மட்டும் வித்தியாசம்.

சோழிங்கநல்லூர் · 28 செப்டம்பர், மதியம் 12.15

ஐ.டி.யில் இருக்கிறவன். போன வாரம் அமெரிக்காவில் போய் வேலை பார்ப்பதற்கான எச்-1பி விசாவுக்கு ஒரு லட்சம் டாலர் கட்டணம் என்று அறிவித்தார்கள். எங்கள் அலுவலகத்தில் ஒரே ஒப்பாரி. அமெரிக்க மன்றங்களில் போய்ப் படித்தால், கொங்கு77 இங்கே எழுதியதை ஆங்கிலத்தில் எழுதி வைத்திருக்கிறார்கள். தக்காளிக்குப் பதில் ஆப்பிளாக இருக்கலாம்.

செங்கொடி84 · 28 செப்டம்பர், மதியம் 1.00

தம்பி, ஒப்பிடுங்கள், தப்பில்லை. ஆனால் உங்களுக்கு மூன்று மாத நோட்டீஸ் சம்பளம், இங்கே "போன் பண்றோம்".

மட்டுறுத்துநர் · 28 செப்டம்பர், மாலை 5.00

இரண்டு பதிவுகளை நீக்கியிருக்கிறோம். எங்கே, எப்போது எடுத்தது என்று தெரியாத அடிதடி வீடியோ இணைப்புகளை இங்கே போட வேண்டாம். 2023-இல் என்ன நடந்தது என்று மேலே டேபிள்_ஓனர் எழுதியிருக்கிறார். விவாதம் தொடரட்டும்.

ஓவர்லாக்காரன் · 29 செப்டம்பர், இரவு 9.20

இவ்வளவு பேர் எழுதுவீர்கள் என்று நினைக்கவில்லை. நன்றி.

செங்கொடி தோழர் கேட்டதற்காகப் பீரோவைக் கிளறிப் பார்த்தேன். நான்கு பி.எஃப். எண்கள் இருக்கின்றன. நீங்கள் சொன்னபடி கட்டடம் ஒன்றுதான். கடைசிப் பெயர்ப்பலகைக்கு வயது இரண்டு வருடம். 27 வருடம் என்று நான்தான் சொல்லிக்கொண்டிருக்கிறேன், கம்பெனி கணக்கில் நான் புது ஆள்.

இன்னொன்று. எனக்கு அடுத்த மிஷினில் ஒடிசாப் பையன், கஞ்சம் மாவட்டம், 23 வயது. முதலில் வந்தபோது ஊசி உடைத்துக்கொண்டே இருப்பான். துணியை இழுக்கிறான், அதுதான் காரணம். துணியை இழுக்கக் கூடாது, மிஷின் தானாக வாங்கும், நீ வழி மட்டும் காட்டு என்று கையைப் பிடித்துச் சொல்லிக் கொடுத்தவன் நான். இப்போது கழுத்து ரிப் ஏற்றுவதில் என்னைவிட மணிக்கு இருபது பீஸ் அதிகம் போடுகிறான். இன்றைக்கு நான் வேலைக்குப் போனபோது முதலில் என்னோடு பேசவே இல்லை. டீ டைமில் வந்து, "அண்ணா, நான் சொல்லல, அவங்கதான்" என்றான். தெரியும்டா என்றேன். அவன் சம்பளத்தில் ஹாஸ்டல், சாப்பாடு என்று பிடித்தது போகக் கையில் வருவது எவ்வளவு என்று முதல் தடவையாகக் கேட்டேன். ஆறு நாள் வேலை செய்த அவனுக்கும் மூன்று நாள் வேலை செய்த எனக்கும் 700 ரூபாய்தான் வித்தியாசம்.

டேபிள்_ஓனர் · 30 செப்டம்பர், காலை 7.15

பிடித்தம் எவ்வளவு என்பது கம்பெனிக்குக் கம்பெனி மாறும். நான் சாப்பாட்டுக்குப் பிடிப்பதில்லை என்பதை இங்கே பதிவு செய்து வைக்கிறேன்.

நூல்கணக்கு · 9 அக்டோபர், இரவு 10.05

ஒரு தகவல். எங்களுக்கு ஓர் ஐரோப்பிய ஆர்டர் வந்திருக்கிறது, அமெரிக்க விலையைவிடக் குறைவு. மிஷின் சும்மா நிற்பதற்குப் பதில் எடுத்திருக்கிறோம். பஞ்சு இறக்குமதி வரி 11 சதவீதத்தை டிசம்பர் வரை நிறுத்தி வைத்திருக்கிறார்கள், அதனால் நூல் விலை கொஞ்சம் இறங்குமா என்று பார்க்கிறோம். பெரிய கம்பெனிகள் சில ஜார்க்கண்ட், ஒடிசாவிலேயே யூனிட் போட்டிருக்கின்றன, அங்கே அரசாங்கம் ஆள் சம்பளத்துக்கு மானியம் தருகிறது. ஆள் இங்கே வருவதற்குப் பதில் கம்பெனி அங்கே போகிறது. கொங்கு77 ஆசைப்பட்டது ஒரு வழியாக நடக்கப் போகிறது, ஆனால் அவர் நினைத்த மாதிரி இல்லை.

கொங்கு77 · 9 அக்டோபர், இரவு 10.30

நக்கல் வேண்டாம்.

அந்த ஐரோப்பிய ஆர்டர் எந்த ஏரியாவில் தைக்கிறீர்கள்?

ஓவர்லாக்காரன் · 24 அக்டோபர், காலை 6.50

தீபாவளி முடிந்தது. போனஸ் கொடுத்தார்கள், போன வருடத்தில் பாதி. ஹாஸ்டல் காலி. பாதிப் பேர் தீபாவளிக்கு, மீதிப் பேர் சட் பூஜைக்கு என்று கிளம்பிவிட்டார்கள். பீகார்க்காரர்களுக்கு நவம்பரில் ஓட்டுப் போடவும் வேண்டும். ஒடிசாப் பையன் கிளம்பும்போது அவன் கத்தரியை என் மிஷின் டிராயரில் வைத்துவிட்டுப் போனான். திரும்பி வருவான் என்று அர்த்தமா, எனக்குக் கொடுத்துவிட்டான் என்று அர்த்தமா, தெரியவில்லை.

நேற்று சூப்பர்வைசர் போன் செய்தார். "ஆளே இல்லைங்க, திங்கட்கிழமையில இருந்து ஒன்றரை ஷிப்ட் வாங்க" என்றார். பீஸ் ரேட் பழையதா என்று கேட்டேன். ஐரோப்பா ஆர்டர், ரேட் கொஞ்சம் குறைவு என்றார். யோசித்துச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன். 27 வருடத்தில் அப்படிச் சொன்னது இதுதான் முதல் தடவை. கை நடுங்கியது.

மஸ்டர் ரோலில் பெயர் போட்டு, பி.எஃப். பிடித்து, ஓவர்லாக் ஆள் தேவைப்படுகிற இடம் யாருக்காவது தெரியுமா? பிளாட்லாக்கும் ஓட்டுவேன். பல்லடம் ரோடு வரைக்கும் பஸ்ஸில் வர முடியும்.

டேபிள்_ஓனர் · 24 அக்டோபர், காலை 7.20

பெருமாநல்லூர் ரோடு தூரமா உங்களுக்கு? பி.எஃப். நான் இதுவரை யாருக்கும் போட்டதில்லை. ஆடிட்டரிடம் எவ்வளவு ஆகும் என்று கேட்டுச் சொல்கிறேன். எண்ணைத் தனிமடலில் அனுப்புங்கள்.